பதினைந்தாயிரமாவது டிபன் பாக்ஸ்

காஸ்டிங் வேலைக்கு, அதாவது பொருளின் செலவுக் கணக்குப் போடும் வேலைக்கு, புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு நான் சூத்திரம் எதையும் சொல்லித்தரப் போவதில்லை. அதெல்லாம் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். தெரியாவிட்டாலும் கைப்பேசியில் தேடினால் கிடைத்துவிடும். நான் சொல்லப்போவது நான் செய்த இரண்டு தவறுகளை. ஒன்றை ஆடி மாதத்தில் செய்தேன், இன்னொன்றை அதே வருடம் தீபாவளிக்கு முந்தைய மாதத்தில். முதல் தவற்றில் கற்றுக்கொண்ட பாடமே இரண்டாவது தவற்றுக்குக் காரணம். அதனால் இரண்டையும் சேர்த்துக் கேட்டால்தான் விஷயம் விளங்கும்.

எங்கள் ஆலை ஈக்காட்டுத்தாங்கலில் இருந்தது. ஆலை என்றால் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். ஒரு சந்துக்குள், பக்கத்தில் ஒரு லேத் பட்டறை, எதிரே ஒரு சாப்ட்வேர் கம்பெனியின் பின்பக்கச் சுவர். நடுவில் இருபது பேர் வேலை செய்யும் எங்கள் கொட்டகை. எவர்சில்வர் டிபன் பாக்ஸ் செய்வோம். தகட்டை வெட்டி, பிரஸ் மிஷினில் அமுக்கிக் குழிவாக்கி, ஓரம் மடித்து, பாலிஷ் போட்டு, அட்டைப்பெட்டியில் அடைத்து அனுப்புவோம். பள்ளிக்கூடம் திறப்பதற்கு முன்னும் தீபாவளிக்கு முன்னும் மூச்சுவிட நேரம் இருக்காது. மற்ற மாதங்களில் மிஷின்கள் அரைத் தூக்கத்தில் இருக்கும்.

முதலாளி திருவல்லிக்கேணிக்காரர். எல்லோருக்கும் அவர் பாய்தான். எனக்கு மாடியில் கண்ணாடி ஜன்னல் வைத்த சின்ன அறை, ஏசியோடு. அபிராமபுரத்திலிருந்து பஸ் பிடித்து வந்து, அந்த ஏசியைப் போட்டு, கம்ப்யூட்டரைத் திறந்தால் மாலை வரை எழுந்திருக்க மாட்டேன். கணக்கு எம்.எஸ்ஸி. படித்தவள், காஸ்டிங் பரீட்சையும் தேறியவள். ஆலையில் யாருக்கும் தெரியாதது எனக்குத் தெரியும் என்ற எண்ணம் அப்போது நிறையவே உண்டு.

அந்த வருடம் ஆடியில் வேலை ரொம்பக் குறைவு. மாதம் ஐயாயிரம் பெட்டிதான் போய்க்கொண்டிருந்தது. அந்த நேரத்தில் அடையாறிலிருந்து ஒரு கேட்டரிங்காரர் போன் செய்தார். அலுவலகங்களுக்கு மதியச் சாப்பாடு அனுப்புகிறவர். இரண்டாயிரம் பெட்டி வேண்டும், ஒன்றுக்கு நூற்றுத்தொண்ணூறு ரூபாய்க்கு மேல் முடியாது என்றார்.

நான் என் தாளைப் பார்த்தேன். மாதத்தின் மொத்தச் செலவை ஐயாயிரத்தால் வகுத்தால் பெட்டிக்கு இருநூற்று இருபத்தைந்து வந்தது. இருநூற்று இருபத்தைந்துக்குச் செய்து நூற்றுத்தொண்ணூறுக்கு விற்பதா? பாயிடம் கேட்காமலே மரியாதையாக மறுத்துவிட்டேன். மத்தியானம் பாயிடம் சொன்னபோது அவரும் தலையாட்டினார். "அம்மா சொன்னா சரிதான்" என்றார்.

நான்கு நாள் கழித்து ஏதோ ஒரு பில்லைத் தேடிக் கீழே இறங்கினேன். பாலிஷ் பிரிவில் ஆறு பெண்கள் சக்கரங்களை நிறுத்திவிட்டு உட்கார்ந்திருந்தார்கள். ஒருத்தி பூ கட்டிக்கொண்டிருந்தாள். அவர்களுக்குப் பொறுப்பாளர் தேவி. என்னைவிடப் பத்து வயது இளையவள். சைதாப்பேட்டை ஆற்றங்கரையில் பிறந்து வளர்ந்த குடும்பம். அங்கிருந்து எல்லோரையும் அரசு பெரும்பாக்கத்துக்கு மாற்றிய பிறகு, தினமும் இரண்டு பஸ் மாறி வேலைக்கு வருவாள். வாயைத் திறந்தால் சுற்றி வளைத்துப் பேசத் தெரியாது.

"இன்னா மேடம், அடையாறு ஆர்டர வேணான்ட்டீங்களாமே?"

"கட்டுப்படியாகலை தேவி. நமக்கு ஆகுற செலவு இருநூத்தி இருபத்தஞ்சு. அவர் குடுக்கறேன்னது நூத்தித்தொண்ணூறு."

"செரி. இப்ப நாங்க சும்மா குந்திக்கினு கீறோம். எங்களுக்கு இந்த மாசம் சம்பளம் உண்டா, இல்லியா?"

"அது எப்படி இல்லாம போகும்? உண்டு."

"கொட்டாய்க்கு வாடகை?"

"உண்டு."

"உங்க ஏசிக்கு?"

பூ கட்டுகிறவள் சிரித்துவிட்டாள். எனக்கு முகம் சுண்டிப் போயிற்று.

"அப்ப அதெல்லாம் பொட்டி செஞ்சாலும் போவுது, செய்யாங்காட்டியும் போவுது. புச்சா வாங்க வேண்டியது தகடும் கரண்டும் அட்டப்பொட்டியும்தான? அதுக்கா நூத்தித்தொண்ணூறு ஆயிடும்?"

நான் மாடிக்கு வந்தேன். வந்த வேலையான பில்லை மறந்துவிட்டேன். உட்கார்ந்து அந்த இரண்டாயிரம் பெட்டிக்கு மட்டும் புதிதாக என்ன செலவாகும் என்று ஒவ்வொன்றாகக் கூட்டினேன். தகடு, பாலிஷ் சாமான், மின்சாரம், அட்டைப்பெட்டி, ஏற்றுக்கூலி, பழுதாகிக் கழிபவை. எல்லாம் சேர்த்து மூன்று லட்சத்து இருபதாயிரம். பெட்டிக்கு நூற்று அறுபது. நூற்றுத்தொண்ணூறுக்குக் கேட்டவரைத் திருப்பி அனுப்பிவிட்டேன். அறுபதாயிரம் ரூபாயை நானே போனில் இனிமையாகப் பேசி வாசல் வரை வழியனுப்பியிருக்கிறேன்.

அடையாறுக்காரரைக் கூப்பிட்டேன். "வேற எடத்துல வாங்கிட்டோமே மேடம்" என்றார் அதே மரியாதையோடு.

சராசரிச் செலவு என்பது ஏற்கெனவே செய்து முடித்ததைப் பற்றிய சேதி. 'இன்னும் கொஞ்சம் செய்யட்டுமா?' என்ற கேள்விக்கு அதனிடம் பதில் கிடையாது. அந்தக் கேள்விக்குப் பதில் சொல்வது அடுத்த பெட்டியின் செலவு. பாடப்புத்தகத்தில் இறுதிநிலைச் செலவு என்று போட்டிருக்கும். நான் அதைப் பரீட்சையில் படம் போட்டு எழுதி நல்ல மதிப்பெண் வாங்கியவள். ஆனால் ஆலைக்குள் அது எங்கே இருக்கிறது என்று காட்ட, உட்கார்ந்திருந்த ஆறு பெண்கள் தேவைப்பட்டார்கள்.

இதுவரைக்கும் நல்ல கதைதான். தப்பு செய்தேன், கற்றுக்கொண்டேன் என்று இங்கேயே முடித்திருந்தால் எனக்கும் கௌரவமாக இருந்திருக்கும்.

நான் என்ன செய்தேன் என்றால், ஒரு மஞ்சள் சீட்டில் '160' என்று கொட்டை எழுத்தில் எழுதி கம்ப்யூட்டர் ஓரத்தில் ஒட்டினேன். இனி நூற்று அறுபதுக்கு மேல் யார் எவ்வளவு கொடுத்தாலும் லாபம்! பாயிடம் இதைப் பற்றி அரை மணி நேரம் விளக்கினேன். டீ கொண்டு வருபவரிடம்கூட விளக்கியதாக ஞாபகம்.

தீபாவளிக்கு ஒன்றரை மாதம் இருக்கும்போது தி.நகரிலிருந்து அண்ணாச்சி கூப்பிட்டார். உஸ்மான் ரோட்டை ஒட்டிய தெருவில் பெரிய பாத்திரக்கடை வைத்திருப்பவர். வருடக்கணக்காக எங்கள் பெட்டிகளை வாங்குகிறவர். அந்த மாதத்துக்கு ஏற்கெனவே பன்னிரண்டாயிரம் பெட்டிக்கு ஆர்டர் இருந்தது. அவர் இன்னும் மூவாயிரம் கேட்டார். மொத்தமாக எடுப்பதால் விலை இருநூற்று இருபது.

இந்த முறை ஜாக்கிரதையாக இருந்தேன். இரண்டு கணக்கும் போட்டேன். பதினைந்தாயிரம் செய்தால் சராசரி இருநூற்று எட்டு ரூபாய் சொச்சம். இருநூற்று இருபது அதைவிட அதிகம். மஞ்சள் சீட்டின் நூற்று அறுபதைவிட ரொம்பவே அதிகம். இரண்டு வழியிலும் லாபம் என்றால் இனி யோசிக்க என்ன இருக்கிறது? சரி என்று சொல்லி, அன்று மாலையே உற்பத்தித் திட்டத்தை அச்சடித்துக் கீழே அனுப்பினேன். தேவி அந்தத் தாளோடு மேலே ஏறி வந்தாள்.

"மேடம், பன்னெண்டாயிரத்துக்கே நாக்கு தள்ளிக்கினு கீது. இன்னும் மூணாயிரமா?"

"ஓவர்டைம் போட்டுக்கலாம். ரெட்டைச் சம்பளம். நல்லதுதானே?"

"நல்லதுதான்" என்றாள். தாளை மடித்துக்கொண்டு கீழே இறங்கினாள். அவள் பேசாமல் போனதை நான் சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன்.

பிரஸ் மிஷினைப் பார்க்காதவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். ஆபரேட்டர் தகட்டை அச்சில் வைத்துவிட்டு, இடக்கையால் ஒரு பொத்தானையும் வலக்கையால் இன்னொரு பொத்தானையும் ஒரே நேரத்தில் அழுத்த வேண்டும். அப்போதுதான் மேலே உள்ள அச்சு இறங்கும். இரண்டு கையும் பொத்தானில் இருந்தால் எந்தக் கையும் அச்சுக்குள் இருக்க முடியாது. அதற்காகத்தான் அந்த ஏற்பாடு. ஒரு பெட்டிக்கு அடி, மூடி என்று ஐந்தாறு தடவை அச்சு இறங்க வேண்டும்.

மாதக் கடைசியில் ஒரு வெள்ளிக்கிழமை மதியம். பாய் உறவுக்காரர் கல்யாணத்துக்காக ஆம்பூர் போயிருந்தார். தேவி கதவைத் தட்டாமல் உள்ளே வந்து என் மேஜைமேல் ஒரு டிபன் பாக்ஸ் மூடியை வைத்தாள். சாதாரண மூடிதான். ஆனால் நடுவில் சாம்பல் நிறத்தில் ஏதோ தகட்டோடு தகடாக ஒட்டியிருந்தது. குனிந்து பார்த்தேன். துணி. பிரஸ்காரர்கள் போடும் கையுறையின் இரண்டு விரல் நுனி.

"வெரலு உள்ள இல்ல மேடம்" என்றாள் தேவி. "கையுற பெருசு. நுனி காலியா கெடந்துச்சு. இல்லாங்காட்டி..."

நான் எழுந்து நின்றதும் தெரியாது, படி இறங்கியதும் தெரியாது. பிரஸ் ஆபரேட்டர் குமார் ஒரு கவிழ்த்த டப்பாமேல் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். முப்பத்தைந்து வயது, பத்து வருட அனுபவம். தண்ணீர் சட்டையெல்லாம் சிந்தியிருந்தது. மிஷினில் இடப்பக்கப் பொத்தானை அழுத்திய வாக்கில் டேப் போட்டு ஒட்டியிருந்தது. ஒரு கையால் பொத்தான், ஒரு கையால் தகடு.

"என்ன குமார் இது?" என்று கத்தினேன்.

அவர் கோபப்படவில்லை. "மேடம், ரெண்டு கையும் வெச்சு அழுத்துனா மணிக்கு எரநூத்தி நாப்பதுதான் வருது. நீங்க சீட்டுல முந்நூறுன்னு போட்டுக்கீறீங்களே" என்றார்.

அவர் சொன்னது உண்மை. பதினைந்தாயிரத்தை மாதத்துக்குள் அடக்க, மணிக்கு எவ்வளவு வரவேண்டும் என்று பின்னாலிருந்து வகுத்துக்கொண்டே வந்து 'முந்நூறு' என்று அச்சடித்தது நான்தான். அது முடியுமா என்று யாரையும் கேட்கவில்லை. வகுத்தால் வந்தது, போட்டேன்.

எல்லோரும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பாய்க்குப் போன் போட்டேன். கல்யாண மண்டபத்தில் அவர் எடுக்கவில்லை. அண்ணாச்சிக்கு மூவாயிரத்தில் ஆயிரத்து ஐந்நூறுதான் முடிந்திருந்தது, மீதிக்கு மூன்று நாள்தான். நிறுத்தினால் வாக்குத் தவறும், பல வருடத்து வாடிக்கையாளர் போய்விடலாம். முதலாளியைக் கேட்காமல் நிறுத்த எனக்கு அதிகாரமும் கிடையாது. நிறுத்தாவிட்டால், அடுத்த மூடியில் கையுறை காலியாக இருக்கும் என்று யார் சொல்வது?

இந்த மாதிரி நேரத்தில் மூளை மின்னலாக வேலை செய்யும் என்பார்கள். என் மூளை நின்றுபோயிருந்தது. கைதான் டேப்பைப் பிய்த்தது. "இன்னையோட ஓவர்டைம் கிடையாது. அஞ்சரைக்கு எல்லாரும் வீட்டுக்குப் போங்க" என்றேன். "குமார், நீங்க இப்பவே கிளம்புங்க. சம்பளம் முழு நாளுக்கு உண்டு."

"அப்ப அண்ணாச்சி சரக்கு?" என்றாள் தேவி.

"தெரியலை" என்றேன். ஆலையில் சேர்ந்த பிறகு அந்த வார்த்தையை நான் சொன்னது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

தேவி தன் நோட்டைக் கொண்டு வந்து கொடுத்தாள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் வைத்திருக்கும் நோட்டு. அன்றன்று எத்தனை பெட்டி, எத்தனை கீறல் விழுந்து கழிந்தது, எத்தனை பாலிஷ் சக்கரம் தேய்ந்தது, எத்தனை பேர் ஓவர்டைம் என்று எல்லாம் இருந்தது. கடைசிப் பஸ் போய்விடுவதால் பெரும்பாக்கத்துப் பெண்களை வீட்டில் விட எந்தெந்த நாள் வேன் பிடித்தோம் என்பதுகூட இருந்தது. ஐயாயிரம் பெட்டி செய்த ஆடி மாதத்தில் வேனே இல்லை. பன்னிரண்டாயிரத்துக்கு மேல் தினமும் வேன். ஆடியில் நூற்றுக்கு ஒரு பெட்டி பழுதானால், இப்போது களைத்த கைகளில் அதைப்போல் பல மடங்கு.

ஒவ்வொரு மாதத்தின் மொத்தச் செலவையும் அந்த மாதத்தின் பெட்டிகளையும் எடுத்து வரைபடத்தில் புள்ளி வைத்தேன். நேர்கோடு வரும் என்று நினைத்திருந்தேன். வரவில்லை. மேல்நோக்கி வளைந்தது. வளைவுக்கு ஒரு சமன்பாடு பொருத்திப் பார்த்தேன். சில்லறையை விட்டு முழு எண்ணாகச் சொன்னால் இப்படி: மாதத்துக்கு எப்படியும் போகும் ஐந்து லட்சம், பெட்டிக்கு நூறு ரூபாய், அதோடு பெட்டிகளின் எண்ணிக்கையை அதே எண்ணிக்கையால் பெருக்கி அதற்கு அரைப் பைசா.

அரைப் பைசாதானே என்று தோன்றும். எனக்கும் தோன்றியது. அதை வகையீடு செய்து, அதாவது ஒரு பெட்டி கூடினால் செலவு எவ்வளவு கூடும் என்று, பாருங்கள். ஐந்து லட்சம் மறைந்துவிடும். நூறு நிற்கும். அரைப் பைசா இரட்டித்து ஒரு பைசாவாகி, பெட்டிகளின் எண்ணிக்கையோடு நிற்கும். அதாவது நூறு பெட்டி கூடினால், அடுத்த பெட்டியின் செலவு ஒரு ரூபாய் ஏறுகிறது. ஐயாயிரத்தில் நூற்று ஐம்பது. பத்தாயிரத்தில் இருநூறு. பதிமூன்றாயிரத்து ஐந்நூறில் இருநூற்று முப்பத்தைந்து. பதினைந்தாயிரமாவது டிபன் பாக்ஸுக்கு இருநூற்று ஐம்பது ரூபாய். அதை நான் இருநூற்று இருபதுக்கு விற்கச் சம்மதித்திருக்கிறேன்!

என் மஞ்சள் சீட்டு பொய் சொல்லவில்லை. நூற்று அறுபது என்பது ஆடி மாதத்து ஐயாயிரத்துக்குப் பக்கத்தில் நின்று பார்த்தபோது சரி. மலையடிவாரத்தில் அளந்த சரிவை உச்சிக்குப் பக்கத்தில் வைத்து நம்பினால் சீட்டின் மேலா பழி? வகையீடு என்பது நீங்கள் நிற்கும் இடத்தின் சரிவு. இடம் மாறினால் மறுபடி அளக்க வேண்டும். கல்லூரியில் இதை எத்தனை பேருக்கு நான் டியூஷன் எடுத்திருக்கிறேன்!

அப்படியானால் சராசரி ஏன் இருநூற்று எட்டு என்று சாதுவாக நின்றது? அதுதான் அதன் குணம். நான் இப்போது காலையில் பெசன்ட் நகர் கடற்கரையில் ஒரு கூட்டத்தோடு நடக்கிறேன். இருபது பேர், சராசரி வயது எழுபதாவது இருக்கும். அறுபது வயதில் நான் போய்ச் சேர்ந்ததும் சராசரி துளி இறங்கியது. போன வாரம் எண்பத்தைந்து வயது மாமா ஒருவர் வந்து சேர்ந்தார். சராசரி ஒரு வயதுகூட ஏறவில்லை. ஆனால் அவர் வேகத்துக்குத்தான் எல்லோரும் நடக்கிறோம். புதிதாக வருபவர் சராசரிக்குக் கீழே இருக்கும்வரை சராசரி இறங்கும், மேலே போனால் ஏறும். இரண்டும் சமமாகும் இடத்தில்தான் சராசரி ஆகக் குறைவு. எங்களுக்கு அது பத்தாயிரம் பெட்டி, இருநூறு ரூபாய். அதைத் தாண்டி நாங்கள் வெகுதூரம் வந்திருந்தோம். முன்பு மலிவாகச் செய்த பெட்டிகள் இப்போது செய்யும் விலை உயர்ந்த பெட்டிகளுக்குத் திரை போட்டு மறைத்துக்கொண்டிருந்தன.

மீதி ஆயிரத்து ஐந்நூறுக்கு மட்டும் கூட்டினேன். ஒன்றுக்கு இருநூற்று நாற்பத்திரண்டரை. கையுறையை மறந்துவிட்டுப் பார்த்தாலும் நிறுத்தியது சரி. மறந்துவிட்டு என்னால் பார்க்க முடியவில்லை என்பது வேறு விஷயம்.

சனிக்கிழமை காலை மூடியைப் பையில் போட்டுக்கொண்டு தி.நகர் போனேன். தீபாவளிக் கூட்டம் அப்போதே ஆரம்பித்துவிட்டது. அண்ணாச்சி கல்லாவில் உட்கார்ந்து ஒரே நேரத்தில் மூன்று பேரிடம் பேசிக்கொண்டிருந்தார். காத்திருந்து, இடைவெளி கிடைத்ததும் ஒரே மூச்சில் சொன்னேன். "அண்ணாச்சி, மூவாயிரம் தர முடியாது. பாதிதான் தர முடியும்."

"என்னம்மா இப்பிடிச் சொல்லுதிய?" அவர் குரலுக்கு இரண்டு வாடிக்கையாளர்கள் திரும்பிப் பார்த்தார்கள். "ஒங்கள நம்பி வேற எவன்கிட்டயும் சொல்லாம இருக்கேன். நாளைக்கு வந்து கேக்கவனுக்கு நான் என்ன பதில் சொல்லுவேன்?"

வரும் வழியில் தகடு கிடைக்கவில்லை, மிஷின் ரிப்பேர் என்று இரண்டு மூன்று காரணங்கள் தயார் செய்து வைத்திருந்தேன். எதுவும் வாயில் வரவில்லை. மூடியை எடுத்துக் கல்லாமேல் வைத்தேன். நடந்ததைச் சொன்னேன். மணிக்கு முந்நூறு என்று எழுதியது நான்தான் என்பதையும் சொன்னேன்.

அவர் அந்தத் துணி நுனியை விரலால் தடவிப் பார்த்தார். பிறகு மூடியைத் திருப்பி என் பக்கம் தள்ளினார். "இத எடுத்து உள்ள வைங்க. கடையில வச்சுப் பாக்கப் பிடிக்கல" என்றார். கடைப்பையனிடம் எனக்கு ஒரு காபி சொன்னார்.

காபி வந்த பிறகு வியாபாரி திரும்பி வந்தார். "தீவாளிக்குப் பாதிய வச்சுச் சமாளிச்சுக்கிடுதேன். கார்த்திகையில கல்யாணம் நெறைய இருக்கு. தாம்பூலத்தோட குடுக்கதுக்கு டிபன் பாக்ஸ் கேப்பாவ. மீதிய அப்பம் வாங்கிக்கிடுதேன். ஆனா பத்து ரூவா கொறையணும். இருநூத்திப் பத்து."

கார்த்திகையில் எங்களுக்கு ஆறாயிரம் பெட்டிக்குமேல் வேலை இருக்காது. அங்கே நின்று பார்த்தால் அடுத்த ஆயிரத்து ஐந்நூறும் ஒன்றுக்கு நூற்று அறுபத்தேழரைக்கு முடிந்துவிடும். இப்போது செய்தால் நஷ்டம் தருகிற அதே பெட்டி, அப்போது செய்தால் பத்து ரூபாய் குறைத்த பிறகும் நாற்பத்திரண்டரை ரூபாய் லாபம் தரும்! முகத்தில் சிரிப்பு வந்துவிடாமல் இருக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். "பத்து ரூபாயா அண்ணாச்சி..." என்று இழுத்து, பெருமூச்சு விட்டு, சம்மதித்தேன்.

திங்கள்கிழமை பாய் வந்தார். "இன்னாம்மா, நான் ரெண்டு நாள் ஊர்ல இல்லன்னா கம்பெனியவே நிறுத்திடுவீங்களா?" என்று ஆரம்பித்தார். மூடியைக் காட்டினேன். நேராகக் கீழே போனார். பிரஸ் பக்கத்தில் ஐந்து நிமிடம் நின்றார். குமாரின் கையைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். மத்தியானத்துக்குள் ஆள் வந்து, டேப் ஒட்டினால் மிஷினே ஓடாத மாதிரிப் புதுப் பொத்தான் மாட்டிவிட்டுப் போனார். கார்த்திகைக் கணக்கை நான் காட்டப் போனது இரண்டு நாள் கழித்துத்தான். நல்ல லாபம் என்றதும், "அத அப்புறம் பாப்போம். முந்நூறுன்னு இனிமே எழுதுவீங்களா?" என்று கேட்டார். மாட்டேன் என்றேன். அன்றிலிருந்து மாத மொத்தத்தைப் பத்தாயிரத்துக்கு மேல் கொண்டுபோகும் எந்த ஆர்டர் தாளிலும் என் கையெழுத்துக்கு மேலே தேவியின் கையெழுத்து வேண்டும் என்று விதி வந்தது. அதை முன்மொழிந்தது நான்தான். கொஞ்சம் பெருமையடித்துக்கொள்ள அனுமதியுங்கள்.

அடுத்த வருடம் தீபாவளிக்கு முன் இன்னொரு கடையிலிருந்து அதே மாதிரி மூவாயிரத்துக்குக் கேட்டார்கள். இந்த முறை நல்ல விலை, இருநூற்று நாற்பது. பாய், நான், தேவி மூவரும் என் அறையில் உட்கார்ந்தோம். அந்த மாதமும் கையில் பன்னிரண்டாயிரம் பெட்டிக்கு ஆர்டர் இருந்தது. நான் வளைவில் எங்கே நிற்கிறோம் என்று பார்த்து, மடமடவென்று கணக்குப் போட்டேன். பெட்டிக்கு இருநூற்று முப்பத்தைந்து. "அஞ்சு ரூபாய் நிக்கும்" என்றேன்.

தேவி தாளை வாங்கிப் பார்த்தாள். உதட்டைப் பிதுக்கினாள். "ரெண்டு ரூவாதான் நிக்கும்."

"எப்படிச் சொல்றே?"

"இத்த முடிக்க மூணு ஞாயித்துக்கெழம வரணும். இருவது பேரு. ஞாயித்துக்கெழம வந்தா ஆளுக்கு ஒரு பிரியாணி, போன வருசமே பாய் வாயாலயே சொல்லிக்கீறாரு. அத்த எங்க போட்டுக்கீறீங்க?"

பிரியாணி நூற்றைம்பது. இருபது பேர், மூன்று ஞாயிறு, ஒன்பதாயிரம். மூவாயிரம் பெட்டிக்கு வகுத்தால் சரியாக மூன்று ரூபாய். பாய் என்னைப் பார்த்தார். நான் கால்குலேட்டரைப் பார்த்தேன்.

"ரெண்டு ரூவாக்காக மூணு ஞாயித்துக்கெழமையா?" என்று பாய் தாளை மடித்தார். "வேணாம்னு சொல்லிடுங்கம்மா."

"வேணான்னு சொல்லுங்க, செரி" என்றாள் தேவி எழுந்தபடி. "பிரியாணிய மட்டும் ஒரு ஞாயித்துக்கெழமைக்கு வெச்சுக்கலாம்."